மாரிகுப்பம் வண்டியில் ஒரு ஜெர்மன் மந்திரி

மாரிகுப்பத்தில் வண்டி கிளம்பும்போது முழுசாக விடிந்திருக்காது. தை மாதத்தில் ஜன்னலுக்கு வெளியே சயனைடு மேடுகள் மட்டும் வெளுத்துத் தெரியும். தங்கம் எடுத்தது போக மிஞ்சிய கல்மாவைக் கொட்டிக் கொட்டி மலையாகிப்போன மேடுகள். மூடுபனி அவற்றின் தோள்வரை இறங்கியிருக்கும். நான் பனி பெய்து பார்த்ததில்லை. பெர்லின் எப்படி இருக்கும் என்று யோசிக்கும்போதெல்லாம் என் மனசுக்கு வேறு வழி இல்லை, இந்த மேடுகளைத்தான் எடுத்துப் போட்டுக்கொள்ளும். அவற்றின் நடுவே டிராம் வண்டி ஓடும். நீளமான கோட்டு போட்ட ஒருவர், தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு, மேட்டுச் சரிவில் மெதுவாக இறங்கி வருவார். வண்டி நகர ஆரம்பித்த பிறகும் அவசரப்படாமல் ஏறி, எனக்கு எதிர் சீட்டில் உட்கார்வார்.

அவர்தான் என் மந்திரி.

நான் பெங்களூரில் பொருளாதார வரலாற்றில் ஆராய்ச்சி செய்கிறேன். எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்தை முடித்த முதல் ஆள் நான். அம்மாவுக்கு எழுத்து தெரியாது, நைனா கையெழுத்து மட்டும் போடுவார். ஆராய்ச்சிக்கு விஷயம் தேடிய நாட்களில், இரண்டு உலக யுத்தங்களுக்கு நடுவே ஜெர்மனியில் பொருளாதார மந்திரியாக இருந்தவர்களைப் பற்றி ஒரு பழைய புத்தகத்தைப் புரட்டினேன். வங்கிக்காரர், வக்கீல், பேராசிரியர், பெரிய கம்பெனி ஆள் என்று வரிசையாக வந்தது. நடுவில் ஒருத்தர் பியானோ செய்கிற தொழிலாளி. ஏழைப் பிள்ளைகள் போகிற பள்ளிக்கூடத்தோடு படிப்பு முடிந்தது, பிறகு பட்டறை, பிறகு தொழிற்சங்கம், பிறகு பத்திரிகை, பிறகு பாராளுமன்றம். அதற்கப்புறம் நாட்டின் பொருளாதாரமே அவர் மேஜைக்கு வந்தது. அந்தப் பக்கத்தை மூடிவிட்டு லைப்ரரி ஜன்னல் வழியாகக் கொஞ்ச நேரம் மரங்களைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

என் கைடு மேடத்துக்கு அவ்வளவு சம்மதமில்லை. "பின்னாடி வந்த பேங்க்காரரைப் பத்தி எழுதினா ஆயிரம் புத்தகம் கிடைக்கும். இவரைப் பத்தி ஒண்ணும் கிடைக்காது, ஜெர்மன் வேற கத்துக்கணும்" என்றார்.

"கத்துக்கறேன் மேடம்."

"எங்க உட்காந்து கத்துக்குவ?"

"டிரெயின்ல."

சொன்னபடிதான் செய்தேன். காதில் ஒயரை மாட்டிக்கொண்டு போனில் பாடம் கேட்பேன். அந்தப் பெண்குரல் ஒரு வாக்கியம் சொல்லும், நான் திருப்பிச் சொல்வேன். "நான் ரயிலில் போகிறேன். இன்று குளிராக இருக்கிறது. அமைச்சர் வந்துவிட்டாரா?" என்னைப் பொறுத்தவரை அந்த இரண்டு மணி நேரம் ஒரு தூக்கம் மாதிரி. ஊர்கள் வரும், போகும். யூகலிப்டஸ் மரங்கள் பின்னால் ஓடும். எதிர் சீட்டு மந்திரி மட்டும் அசையாமல் இருப்பார். அவர் காலத்தில் பணத்தின் மதிப்பு காலையில் ஒன்று, மாலையில் ஒன்று என்று கரைந்துகொண்டிருந்தது. ஜனங்கள் கூடை நிறைய நோட்டைத் தூக்கிக்கொண்டு ரொட்டிக்கடைக்குப் போனார்கள். அதைத் தடுக்க வழி தெரியாமல் அவர் விரல்கள் முழங்காலின் மேல் ஏதோ சுருதி தேடித் தட்டிக்கொண்டிருப்பதாக நான் நினைத்துக்கொள்வேன்.

அதே பெட்டியில் தினமும் சீட்டாடுகிற கூட்டம் ஒன்று உண்டு. அதற்குத் தலைவர் ஒரு அண்ணன். கத்தோலிக்கர், ஞாயிற்றுக்கிழமை கோயிலில் பாடுவார், மற்ற நாளில் பெங்களூரில் ஒரு குடோனில் கணக்கு பார்ப்பார். எங்கள் ஊர்த் தங்கச் சுரங்கம் மூடினபோது அவர் அதில் வேலைக்குச் சேர்ந்து கொஞ்ச நாள்தான் ஆகியிருந்ததாம். பெட்டியில் நடக்கிற எல்லாவற்றுக்கும் விளக்கம் சொல்வது அவர்தான். ஒருநாள் சீட்டைக் கலைத்துக்கொண்டே கேட்டார்.

"இன்னா தம்பி, தினம் போன்ல பேசற? அது இன்னா பாஷை?"

"ஜெர்மன் அண்ணே."

"யார்கிட்ட?"

"யாரும் இல்லண்ணே. பாடம். ஜெர்மன்ல ஒரு மந்திரியப் பத்தி படிக்கறேன்."

"மந்திரியா? இன்னா மந்திரி?"

"பொருளாதார மந்திரி. இப்ப இல்ல, பழைய மந்திரி."

சீட்டுக்காரர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். நான் ஒயரை மறுபடி மாட்டிக்கொண்டேன். பங்காருப்பேட்டை வருவதற்குள் அந்தப் பேச்சு எனக்கு மறந்துவிட்டது.

எங்கள் ஊரில் சுரங்கம் மூடின நாளிலிருந்து அது திறக்கப் போகிறது என்ற பேச்சும் கூடவே இருக்கிறது. ஒரு வருஷம் ஆஸ்திரேலியாக்காரன் வருவான், ஒரு வருஷம் கனடாக்காரன். டீக்கடையில் அவன் பிளேன் ஏறிவிட்டான் என்றுகூடச் சொல்வார்கள். வெளியூரில் இதைச் சொன்னால் சிரிப்பார்கள். இங்கே யாரும் சிரிக்க மாட்டார்கள். மழை வருமா என்று கேட்கிற மாதிரிதான் இதைக் கேட்பார்கள். அந்த வருஷம் ஜெர்மன்காரன் வந்தான், என் போன் வழியாக.

முதலில் கேலி என்றுதான் நினைத்தேன். ஸ்டேஷனில் ஒருவர், "தம்பி, மந்திரி இன்னா சொல்றாரு?" என்றார். தெருக்குழாயில் அம்மாவிடம், "உன் புள்ள நெனச்சா நடக்கும்கா" என்றார்களாம். நான் சீட்டு அண்ணனைப் பிடித்து, "அண்ணே, அவரு பழைய மந்திரின்னு சொன்னேனே" என்றேன்.

"பழைய மந்திரின்னா இன்னும் நல்லது தம்பி. வேலைல கீறவனுக்கு நேரம் ஏது? ரிட்டயர் ஆனவன்தான் நாலு எடத்துல சொல்லி முடிச்சுக் குடுப்பான்."

"ரொம்பப் பழைய மந்திரி அண்ணே."

"அப்ப எல்லா கம்பெனிக்காரனையும் தெரிஞ்சிருக்கும்."

பக்கத்தில் இருந்தவர் ஒரு சீட்டை இறக்கிவிட்டு, "உள்ள பூராவும் தண்ணி நின்னுடுச்சே" என்றார்.

"ஜெர்மன்காரன்கிட்ட பம்பு இருக்கும்டா, நீ ஆடு" என்றார் அண்ணன்.

எனக்கும் சிரிப்பு வந்தது. வீட்டுக்குப் போனபோதுதான் அது நின்றது.

நைனா பெங்களூர் வைட்ஃபீல்டில் ஒரு அடுக்குமாடிக் கட்டடத்தில் செக்யூரிட்டி வேலை பார்த்தார். சுரங்கம் ஓடினபோது, பூமிக்குள் செங்குத்தாக இறங்கும் குழியான ஷாஃப்டின் வாயில் நின்று, ஆட்களைக் கேஜில் ஏற்றிக் கதவைச் சாத்தி, இறக்கவும் தூக்கவும் மணி அடித்துச் சொல்கிற வேலை அவருக்கு. கேஜ் என்பது ஆட்களைப் பூமிக்குள் கொண்டுபோகும் இரும்புக் கூண்டு. மணியைக் கேட்டுத்தான் மேலே எஞ்சின்காரர் இயக்குவார். ஒரு தட்டு தப்பினால் எத்தனை உயிர் என்று இருக்கும் வேலை. அப்படி நின்ற மனிதர் இப்போது கார் வந்தால் கேட்டைத் திறந்து, போனால் மூடினார். ஒருநாளும் குறை சொன்னதில்லை. அன்றைக்கு அவருடைய செக்யூரிட்டிச் சட்டை துவைத்து மடித்து டிரங்குப் பெட்டிமேல் இருந்தது.

"லீவாம்மா?" என்றேன்.

அம்மா அடுப்பைப் பார்த்தபடியே, "வேலைய வுட்டுட்டாரு" என்றாள். "மெடிக்கல் டெஸ்டுக்குக் கூப்புடுவாங்களாம். கண்ணு நல்லா இருக்கணுமாம். பஜாருக்குப் போய் கண்ணாடிக்கு அளவு குடுத்துட்டு வந்துட்டாரு."

"எதுக்கு மெடிக்கல்?"

"உன் மந்திரிக்குத்தான்."

சூப்பர்வைசர் போன் பண்ணியிருந்தார். "பர்த்தீரா இல்வா, ஹேளி" என்று கன்னடத்தில் கேட்டாராம், வருகிறீர்களா இல்லையா சொல்லிவிடுங்கள் என்று. திங்கட்கிழமை வராவிட்டால் வேறு ஆளைப் போட்டுவிடுவார்கள். நைனாவின் வயசுக்கு இனி வேறு கேட்டில் நிற்க வைக்கமாட்டார்கள். என் உதவித்தொகை எப்போது வரும் என்று பல்கலைக்கழகத்துக்கே தெரியாது. அம்மா வெங்காயத்தை அரிந்துகொண்டிருந்தாள்.

நைனா உள்ளே வந்தபோது முகம் தெளிவாக இருந்தது. நெடுநாள் கழித்து ஊருக்கு வந்தவர் மாதிரி வீட்டைச் சுற்றிப் பார்த்தார். "ஞாயித்துக்கிழமை சர்ச் ஹால்ல நீ பேசணும்னு சொல்றாங்க" என்றார். "சீட்டாடுவானே, அவன்தான் ஏற்பாடு. மந்திரியப் பத்தி சொல்லுவியாம். பழைய ஆளுங்க எல்லாரும் வர்றாங்க. எழுந்து நின்னு தெளிவா பேசு, இன்னா?"

அவர் என்னிடம் இவ்வளவு நீளமாகப் பேசி நான் கேட்டதில்லை.

சனிக்கிழமை கண்ணாடி வாங்க ராபர்ட்சன்பேட்டை பஜாருக்கு அவரோடு போனேன். கண்ணாடிக் கடையில் அவர் மூக்கின்மேல் கண்ணாடியை வைத்து, காதுக்குப் பின்னால் கம்பியை வளைத்துச் சரி செய்தார்கள். நைனா வெளியே வந்து பஜாரையே புதுசாகப் பார்த்தார். தக்காளி வண்டி, சினிமா போஸ்டர், பஸ் மேல் ஒட்டியிருந்த தூசி. ஆட்டோவில் வந்து, ரோட்டு முனையிலேயே இறங்கி வீட்டுக்கு நடந்தோம். வெயில் இருந்தும் சூடு இல்லாத மத்தியானம். மேடுகளின் மேலிருந்து மெல்லிய புழுதி கிளம்பி, போக இடமில்லாத மாதிரி அப்படியே நின்றது. தூரத்தில் ஷாஃப்டின் மேல், உச்சியில் கேஜின் கம்பி ஓடும் சக்கரத்தோடு நிற்கும் இரும்புக் கோபுரம் தெரிந்தது.

"சக்கரம் தெரியுதுடா" என்றார் நைனா. நின்றுவிட்டார். "கம்பிகூடத் தெரியுது."

நான் அப்போதுதான் சொன்னேன். "நைனா, அந்த மந்திரி உயிரோட இல்ல. அவரு செத்து ரொம்ப காலமாச்சு. தாத்தா காலத்து ஆளு. சுரங்கத்துக்கும் அவருக்கும் ஒண்ணும் இல்ல. நான் படிக்கறது பழைய கதை."

அவர் கோபுரத்தையேதான் பார்த்துக்கொண்டிருந்தார். புதுக் கண்ணாடியில் வெயில் விழுந்து எனக்கு அவர் கண் தெரியவில்லை. ஒரு ஸ்கூட்டர் எங்களைத் தாண்டிப் போயிற்று. ஒரு நாய் ரோட்டைக் கடந்து போய்ப் படுத்துக்கொண்டது.

"துரு புடிச்சிருக்கு" என்றார்.

பிறகு நடக்க ஆரம்பித்தார். நானும் நடந்தேன். வீட்டுத் தெருவுக்குத் திரும்பும்போது, "நாளைக்கு எல்லாரும் வருவாங்களே" என்றார்.

"அண்ணன்கிட்ட சொல்லி நிறுத்திடறேன் நைனா."

"வேணாம். வர்றவங்களுக்கு ஏதாவது சொல்லணும் இல்ல. அந்த ஆளு கதைய சொல்லு. செத்துட்டாருன்றதயும் நீயே சொல்லு. டீக்கடைல தெரிஞ்சுக்கக் கூடாது."

வீட்டுக்குள் நுழைந்தோம். சட்டை டிரங்குப் பெட்டிமேல் அப்படியே இருந்தது.

நாங்கள் கிறிஸ்தவர்கள் இல்லை. ஆனால் அந்த ஹால் தெருவுக்கே பொது. எங்கள் அத்தை கல்யாணம் அங்கேதான் நடந்தது, சங்கக் கூட்டமும் அங்கேதான். பூசை முடிந்து பெஞ்சுகளைத் திருப்பிப் போட்டிருந்தார்கள். நைனாவோடு வேலை செய்தவர்கள், அவர்களைவிட மூத்தவர்கள், சட்டைப் பையில் பேனா குத்திக்கொண்டு சிலர். நைனா முன் வரிசையில் உட்கார்ந்திருந்தார். கண்ணாடியைக் கழற்றிக் கையில் வைத்திருந்தார்.

நான் எழுந்து நின்றேன். கல்லூரியில் பேசுகிற மாதிரி ஆரம்பித்தேன், நாலு வாக்கியத்தில் நானே நிறுத்திவிட்டேன். பிறகு ரயிலில் எனக்குத் தெரிகிற மாதிரியே சொன்னேன். பெர்லினில் ஒரு பையன் இருந்தான், வீட்டில் படிக்க வைக்க வசதியில்லை, பியானோ பட்டறைக்கு அனுப்பினார்கள்.

"பியானோன்னா இதானே?" என்று ஒருவர் மூலையைக் காட்டினார். வெள்ளைக்காரர் கிளப்பிலிருந்து வந்து சேர்ந்த பியானோ ஒன்று பூப்போட்ட துணி போர்த்தி நின்றது.

"இதேதான் மாமா."

"இது வாசிக்காது தம்பி. எலி பூந்துடுச்சு."

"அத்த செய்யற மந்திரியத்தானே கூப்புட்டுக்கீறோம், சொல்லட்டும் வுடு" என்றார் சீட்டு அண்ணன்.

பட்டறையில் அவர் சங்கத்தில் சேர்ந்தார் என்றேன். தலைகள் ஆடின, அது இங்கே விளக்க வேண்டாத விஷயம். முதல் யுத்தம் தோற்ற பிறகு, ராஜா ஓடிப்போன பிறகு, சாப்பாட்டுக்கே வழியில்லாத நாட்டில் முதலில் உணவு மந்திரியானார், அப்புறம் பொருளாதார மந்திரி. போனார், திரும்ப வந்தார். ஒவ்வொரு தடவையும் வீடு எரிகிற நேரத்தில்தான் அவரைக் கூப்பிட்டார்கள். பணம் காகிதமாகிப்போனதைச் சொன்னேன்.

"தங்கம்?" என்றார் பின்வரிசையில் ஒரு பெரியவர். "தங்கம் வெச்சிருந்தவன் இன்னா ஆனான்?"

"தங்கம் வெச்சிருந்தவன் பொழைச்சான் தாத்தா."

"தோண்டனவன்?"

ஹாலில் சிரிப்பு பரவியது. நானும் சிரித்தேன். கடைசியாக அவர் மந்திரியாக இருந்த சர்க்கார் எப்படிக் கவிழ்ந்தது என்று சொன்னேன். வேலை போனவர்களுக்குக் கொடுக்கிற உதவிக்கு யார் எவ்வளவு கட்டுவது என்ற சண்டையில் மந்திரிகளே பிரிந்துபோனார்கள். அப்போது சிரிப்பு இல்லை. பிறகு வேறு ஆட்கள் வந்தார்கள், சங்கங்களைக் கலைத்தார்கள். பாராளுமன்றத்தில் பேச ஒன்றும் இல்லாமல் போயிற்று. அவர் வயதாகி, அடுத்த யுத்தம் நடந்துகொண்டிருக்கும்போது, அதே பெர்லினில் இறந்துபோனார்.

"எப்ப?" என்றார் சீட்டு அண்ணன்.

"நம்ம நாட்டுக்குச் சுதந்திரம் வர்றதுக்கு முன்னாலயே அண்ணே."

வெளியே யாரோ சைக்கிள் மணி அடித்துக்கொண்டு போனார்கள். கோபப்படுவார்கள் என்று நான் எதிர்பார்த்தேன். இல்லாவிட்டால், ஒரு சலிப்போடு எழுந்து போவார்கள் என்று.

நைனாதான் எழுந்தார். மூலைக்குப் போனார். துணியை விலக்கி, பியானோவின் மூடியின்மேல் விரல் முட்டியால் தட்டினார். ஒரு தட்டு, இடைவெளி. இன்னொரு தட்டு, இன்னும் நீண்ட இடைவெளி. உள்ளே எங்கோ அறுந்துகிடந்த கம்பி ஒன்று ஒவ்வொரு தட்டுக்கும் லேசாக முனகியது. எனக்குப் புரியவில்லை. பெஞ்சுகளில் இருந்தவர்களுக்குப் புரிந்தது. அடியில் ஒருவன் இறந்தால், அவனை மேலே கொண்டுவரும்போது இப்படித்தான் மணி அடிப்பார்களாம், மெதுவாகத் தூக்கு என்று எஞ்சின்காரருக்குச் சொல்வதற்கு. ஷாஃப்டின் வாயில் நிற்கிறவர்கள் தலையில் இருப்பதை எடுத்துவிட்டு நிற்பார்கள். அன்றைக்கு அந்த ஷிஃப்டுக்கு வேலை கிடையாது.

ஒவ்வொருவராக எழுந்தார்கள். தொப்பி போட்டிருந்தவர்கள் எடுத்தார்கள், மஃப்ளர் கட்டியிருந்தவர்கள் அவிழ்த்தார்கள். சீட்டு அண்ணன் நெற்றியில் சிலுவை போட்டுக்கொண்டார். பெயர்கூட வாயில் நுழையாத ஒரு ஜெர்மன்காரருக்காக எங்கள் ஊர்ப் பழைய ஆட்கள் தலைகுனிந்து நின்றார்கள். அவருக்காக மட்டும்தானா என்று நான் கேட்டுக்கொள்ளவில்லை. ஹால் முழுவதும் கீழிருந்து எழும்பி வருகிற மாதிரி, மிக மெதுவாக வருகிற மாதிரி எனக்கு இருந்தது. நைனாவின் கை நின்ற பிறகும் அது கொஞ்ச நேரம் ஏறிக்கொண்டே இருந்தது.

கலையும்போது பின்வரிசைப் பெரியவர் என் தோளில் தட்டி, "நல்ல மனுசன்" என்றார். யாரைச் சொன்னார் என்று தெரியவில்லை. சீட்டு அண்ணன் நைனாவிடம் வந்து, "அண்ணே, நான் ஒயுங்கா விசாரிக்காம…" என்று இழுத்தார்.

"நீ எப்ப விசாரிச்ச?" என்றார் நைனா. "பெஞ்ச எடுத்துப் போடு."

திங்கட்கிழமை காலை நான் எழுந்தபோது டிரங்குப் பெட்டிமேல் ஒன்றும் இல்லை. நைனா செக்யூரிட்டிச் சட்டையில், தலை வாரி, வாசலில் செருப்பு மாட்டிக்கொண்டிருந்தார். அம்மா டிபன் டப்பாவை அவர் கையில் கொடுத்தாள், என்னிடம் இன்னொன்றைக் கொடுத்தாள்.

வண்டியில் அவர் என்னோடு உட்கார்ந்தார். எப்போதும் வேறு பெட்டியில் ஏறுகிறவர். சீட்டுக்காரர்கள் மெதுவான குரலில் ஆடினார்கள். நான் காதில் ஒயரை மாட்டவில்லை. வெளியே புகைபோல வெளிச்சம் வந்துகொண்டிருந்தது. குளிருக்கு நைனா கையைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, கண்ணை மூடியிருந்தார். தூங்குகிறார் என்று நினைத்தேன்.

"மந்திரி வேலை போனப்புறம்" என்றார், கண்ணைத் திறக்காமல், "அவரு எங்க வேலைக்குப் போனாரு?"

"தெரியல நைனா. புத்தகத்துல அதைப் பத்தி இல்ல."

"திரும்பப் பட்டறைக்குப் போனாரா?"

"வயசாயிடுச்சே."

"வயசானா?"

மேடத்திடம் நான் காட்டியிருந்த திட்டத்தில் என் கடைசி அத்தியாயம் அவர் பதவி இழப்பதோடு முடிந்திருந்தது. அதற்கப்புறம் அவருக்குப் பத்துப் பன்னிரண்டு வருஷக் காலைகள் இருந்திருக்கின்றன, ஒவ்வொரு காலையும் எழுந்து எங்கோ போயிருப்பார், இல்லை போகாமல் இருந்திருப்பார் என்று எனக்கு அதுவரை தோன்றவே இல்லை.

"தேடிப் பாக்கறேன்" என்றேன்.

"பாரு" என்றார். பங்காருப்பேட்டையில் வண்டி நின்றதும் இறங்கி, ரெண்டு டீ வாங்கி வந்தார்.